தன் தெருவைப் பற்றி எழுதுதல்: டி.பி.எஸ். ஜெயராஜின் இதழியல் குறித்துச் சில எண்ணங்கள்

பெரம்பலூர், அரியலூர் ஆகிய இரு மாவட்டங்களும் இந்திய நாளேடுகளின் முதற்பக்கத்தை எட்டிய நாட்கள் மிகச் சில. 1956 நவம்பர் 23 அன்று அரியலூர் அருகே மருதையாற்று வெள்ளத்தில் தூத்துக்குடி விரைவு வண்டி கவிழ்ந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். ரயில்வே அமைச்சராயிருந்த லால் பகதூர் சாஸ்திரி பதவி விலகினார். 1987 மார்ச் 15 அன்று மருதையாற்றுப் பாலம் வெடிவைத்துத் தகர்க்கப்பட, மலைக்கோட்டை விரைவு வண்டி தடம் புரண்டது. இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். பழி தமிழ்நாடு விடுதலைப் படையின் மீது விழுந்தது. அதே ஆண்டு செப்டம்பரில் அப்படையின் தலைவர் தமிழரசன் பொன்பரப்பியில் வங்கிக் கொள்ளை முயற்சியின்போது கூட்டத்தினரால் அடித்துக் கொல்லப்பட்டார். 2019 ஏப்ரல் 18 அன்று, மக்களவைத் தேர்தல் வாக்குப்பதிவு நாளில், அதே பொன்பரப்பியில் தலித் குடியிருப்பின் வீடுகள் நொறுக்கப்பட்டன. 2021 மே மாதத்தில், பெரம்பலூர் மாவட்டம் வி. களத்தூரின் கோயில் ஊர்வலம் பற்றிய சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்பு நாடெங்கும் செய்தியாயிற்று.

ஒவ்வொரு முறையும் செய்தியாளர்கள் வந்தனர், எழுதினர், சென்றனர். அவர்களைக் குறை கூறுவதற்கில்லை. நாளேட்டின் இயல்பு அது. ஆயினும் ஒரு மோதலை இரண்டு நாள் எழுதுகிறவருக்கும், அதையே தம் வாழ்நாள் வேலையாகக் கொண்டு நாற்பது ஆண்டுகளுக்கு மேல் எழுதுகிறவருக்கும் உள்ள வேறுபாட்டை நாம் அதிகம் சிந்தித்ததில்லை. பின்னவருக்கு ஒரு கட்டம் வந்தே தீரும். தம் இனத்தவர் அடிபட்டதை எழுதிவந்தவர், தம் இனத்தவர் அடித்ததையும் எழுத வேண்டிய கட்டம் அது. அந்தக் கட்டத்தில் ஒருவர் என்ன செய்தார் என்பதை வைத்தே அவர் எழுத்தை மதிப்பிட வேண்டும் என்பது என் கருத்து. அதற்குத் தக்க சான்றாக இலங்கைத் தமிழ் இதழாளர் டி.பி.எஸ். ஜெயராஜை இங்கு எடுத்துக்கொள்கிறேன்.

பெரம்பலூர்க்காரர் ஒருவர் இலங்கை இதழாளரைப் பற்றி எழுத வேண்டியது ஏன் என்று வாசகர் கேட்கலாம். ஈழப்போர் எங்களுக்குத் தொலைவில் நடந்ததன்று. பெரம்பலூர் நகரை ஒட்டிய துறைமங்கலத்தில் இலங்கைத் தமிழர் முகாம் ஒன்று நெடுங்காலமாக இருந்துவருகிறது. அகதிகள் முகாம் என்று அழைக்கப்பட்ட இத்தகைய இடங்களைத் தமிழக அரசு 2021 இல் மறுவாழ்வு முகாம் எனப் பெயர் மாற்றியது. அம்முகாமின் பிள்ளைகள் எங்கள் பிள்ளைகளோடு படித்தவர்கள். அவர்கள் வழியாகவும், அன்றைய தேநீர்க் கடைச் சுவரொட்டிகள் வழியாகவும் நாங்கள் அறிந்த போர் ஒன்று உண்டு. அதில் சிங்கள அரசு ஒருபுறம், தமிழர் மறுபுறம். மூன்றாவதாக யாரும் இல்லை.

1990 ஆகஸ்டு 3 ஆம் நாள் இரவு காத்தான்குடியில் மீரா ஜும்ஆப் பள்ளிவாசலிலும் ஹுஸைனிய்யாப் பள்ளிவாசலிலும் தொழுகையில் நின்றவர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் ஷஹீதானார்கள் என்ற செய்தி வந்தபோது, எங்களில் பலர் அதை நம்பவில்லை. அரசின் பொய்ப்பரப்பல் என்றே கொண்டோம். நம்ப மனமில்லை என்பதே சரி. தமிழ் பேசுகிறவன் தமிழ் பேசுகிறவனைப் பள்ளிவாசலில் வைத்துச் சுடுவான் என்பது, தமிழராகவும் முஸ்லிமாகவும் ஒருசேர வாழ்ந்துவந்த எங்களுக்கு எண்ணிப் பார்க்க இயலாத ஒன்றாக இருந்தது. அவ்வாண்டு அக்டோபரில் வடக்கு மாகாணம் முழுவதிலுமிருந்து முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்ட செய்தியும் அவ்வாறே எங்கள் காதில் பாதியாகத்தான் விழுந்தது. துறைமங்கலத்துக்கு வந்தவர்களை நாங்கள் கண்டோம். புத்தளத்தின் ஓலைக்குடிசைகளுக்குச் சென்றவர்களை யாரும் எங்களுக்குக் காட்டவில்லை.

ஜெயராஜின் கட்டுரைகளை நான் வாசிக்கத் தொடங்கியது இதற்குச் சில ஆண்டுகளுக்குப் பின்னரே. அவருடைய பணி வரலாற்றைச் சுருக்கமாகக் கூறலாம். 1977 இல் கொழும்பின் 'வீரகேசரி'யில் செய்தியாளராகச் சேர்ந்தார். பின்னர் 'தி ஐலண்ட்' என்ற ஆங்கில நாளேட்டில் பணியாற்றினார். 'தி இந்து'வின் கொழும்புச் செய்தியாளராகவும் இருந்தார். ஹார்வர்டு பல்கலைக்கழகத்தின் நீமன் ஆய்வுநல்கை பெற்று அமெரிக்கா சென்றவர், அதன்பின் கனடாவின் டொராண்டோவில் குடியேறினார். அங்கே தமிழ் வார ஏடு ஒன்றைத் தாமே நடத்தினார். 'ஃப்ரண்ட்லைன்', 'சண்டே லீடர்', 'டெய்லி மிரர்' எனப் பல ஏடுகளில் அவருடைய பத்திகள் வெளிவந்துள்ளன.

டொராண்டோவில் நடந்ததைச் சற்று நின்று நோக்க வேண்டும். விடுதலைப் புலிகளைக் குறைகூறி எழுதியதற்காக 1993 இல் அவர் தாக்கப்பட்டார், கால் முறிந்தது. அதன் பின்னும் ஏட்டை நிறுத்தவில்லை. பின்னர் அவ்வேட்டை விற்ற கடைகளுக்கும் விளம்பரம் கொடுத்த வணிகர்களுக்கும் மிரட்டல் வரவே, 1996 இல் அது நின்றுபோயிற்று. கால் முறிக்கப்பட்டபோது எழுதியவரை, விளம்பரம் நிறுத்தப்பட்டபோது எழுத முடியவில்லை. சிறுபான்மைச் சமூகங்களின் ஏடுகள் எவற்றால் வாழ்கின்றன, எவற்றால் சாகின்றன என்பதை அறிந்த நம் இதழாசிரியர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

அவருடைய எழுத்தில் நமக்கு மிக வேண்டியது, வடபுல முஸ்லிம்களின் வெளியேற்றம் பற்றியது. அக்டோபர் மாதம் வரும்போதெல்லாம் அவர் அதற்குத் திரும்புவார். சாவகச்சேரியில் அக்டோபர் 15 அன்று தொடங்கிய வெளியேற்றம் எவ்வாறு மன்னாருக்குப் பரவிற்று, 30 ஆம் நாள் யாழ்ப்பாணம் சோனகத் தெருவை எவ்வாறு அடைந்தது என்பதை அவர் படிப்படியாக விவரிக்கிறார். ஒலிபெருக்கி பொருத்திய வண்டிகள் தெருவில் வந்தன. மக்கள் திடலில் கூட்டப்பட்டனர். இரண்டு மணி நேரத்துக்குள் ஊரை விட்டுப் போக வேண்டும் என்று கூறப்பட்டது. கொண்டு செல்ல விடப்பட்டது சிறிது துணியும், யாழ் நகரில் 500 ரூபாயும். பெண்களின் காதணிகள் வரை சோதனைச் சாவடிகளில் பறிக்கப்பட்டன. வடக்கு முழுவதும் ஏறத்தாழ 75,000 பேர் இவ்வாறு வேரறுக்கப்பட்டனர். இது இனச்சுத்திகரிப்பே என்பதை அவர் எந்த அடைமொழியும் சேர்த்து மென்மையாக்கவில்லை.

இவ்விவரங்களை முஸ்லிம் எழுத்தாளர்களும் பதிவு செய்துள்ளனர். யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மனித உரிமை ஆசிரியர் குழுவும் தன் அறிக்கைகளில் எழுதியது. அக்குழுவின் நிறுவனர்களுள் ஒருவரான ராஜினி திராணகம 1989 செப்டம்பரிலேயே சுட்டுக் கொல்லப்பட்டிருந்தார் என்பதை நினைவிற் கொள்க. ஆகவே ஜெயராஜ் மட்டுமே இதை எழுதினார் என்பது என் வாதம் அன்று. அவர் எழுத்து யாரை நோக்கியது என்பதே கவனிக்கத்தக்கது. முஸ்லிம்களுக்கு ஆறுதல் கூற அவர் எழுதவில்லை. தமிழர்களை நோக்கி, அதிலும் புலம்பெயர்ந்து பணம் அனுப்பிக்கொண்டிருந்த தமிழர்களை நோக்கி, 'இது நம் பெயரால் நடந்தது' என்ற பொருள்பட எழுதினார். 2002 ஏப்ரலில் கிளிநொச்சியில் நடந்த பத்திரிகையாளர் சந்திப்பில் அன்ரன் பாலசிங்கம் இவ்வெளியேற்றத்துக்கு வருத்தம் தெரிவித்ததும், சில நாட்களில் பிரபாகரனும் ரவூப் ஹக்கீமும் உடன்படிக்கை செய்துகொண்டதும் வரலாறு. அவ்வருத்தம் வருவதற்குப் பன்னிரண்டு ஆண்டுகள் சென்றன. இடைப்பட்ட காலத்தில் தமிழர் தரப்பிலிருந்து அதை எழுதியவர்களைத் துரோகிகள் என்றே அழைத்தார்கள்.

தமிழக முஸ்லிம் வாசகர் ஜெயராஜை வாசிக்கையில் இடறும் இடம் ஒன்று உண்டு. அவர் இலங்கை முஸ்லிம்களைத் தமிழர் என்று சொல்வதில்லை; தமிழ் பேசும் தனி இனம் என்கிறார். நமக்கு இது முதலில் உறுத்தும். நாம் மார்க்கத்தால் இஸ்லாமியர், இனத்தால் தமிழர் என்று பழகியவர்கள். இலங்கையிலோ இக்கேள்விக்கு நூற்றாண்டுக்கு மேற்பட்ட வரலாறு இருக்கிறது. சோனகர் இனத்தால் தமிழரே என்று பொன்னம்பலம் இராமநாதன் 1880-களில் வாதிட்டார். சட்டசபையில் முஸ்லிம்களுக்குத் தனி உறுப்பினர் தேவையில்லை என்பதற்கு அது வழிவகுக்கும் என்று கண்ட சோனகத் தலைவர்கள் அதை ஏற்கவில்லை. ஐ.எல்.எம். அப்துல் அஸீஸ் 1907 இல் அதற்கு விரிவான மறுப்பு எழுதினார். நாங்களும் நீங்களும் ஒன்றே என்ற அணைப்பு, உங்களுக்குத் தனிக்குரல் வேண்டாம் என்பதாகவும் பொருள்படும் என்பதை அவர்கள் கண்டிருந்தனர். ஜெயராஜ் இதைத் தமிழர்களுக்கு எடுத்துச் சொல்வதில் தளர்ந்ததில்லை. மொழி ஒன்றாயிருப்பது ஒருவருடைய அடையாளத்தை இன்னொருவர் முடிவு செய்யும் உரிமையைத் தருவதில்லை என்பதே அவர் நிலை. தமிழகத்தில் இருந்துகொண்டு ஈழத்து முஸ்லிம்களுக்கு இன அறிவுரை கூறுகிற நம்மவர் சிலர் இதைக் கேட்டுக்கொள்வது நல்லது.

2012 இல் தம்புள்ளைப் பள்ளிவாசல் மீதான தாக்குதல், 2014 ஜூனில் அளுத்கம, 2018 மார்ச்சில் திகன என்று சிங்கள-பௌத்தத் தீவிரவாதத்தின் கை முஸ்லிம்கள் மீது விழுந்தபோதும் அவர் எழுதினார். நம் வட்டங்களில் அக்கட்டுரைகள் கைமாறி வாசிக்கப்பட்டன. ஆனால் 2019 ஏப்ரல் 21 அன்று, உயிர்த்த ஞாயிறு நாளில், தேவாலயங்களிலும் விடுதிகளிலும் குண்டுகள் வெடித்து 250-க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்ட பின், அதே ஜெயராஜ் காத்தான்குடியின் ஸஹ்ரான் ஹாஷிமைப் பற்றியும், அவன் வளர்ந்த சூழலைப் பற்றியும், 2017 இல் சூஃபி வழியினருடன் அவன் கூட்டத்தார் நடத்திய மோதலைப் பற்றியும் எழுதினார். அப்போது அக்கட்டுரைகள் அவ்வளவு கைமாறவில்லை. நான் மதிக்கும் நண்பர் ஒருவர், 'இவரும் மாறிவிட்டார்' என்றார். அவர் மாறவில்லை. 1990-ஐப் பற்றித் தமிழர்களிடம் கேட்ட கேள்வியை 2019-ஐப் பற்றி முஸ்லிம்களிடம் கேட்டார், அவ்வளவே. நம் மீது அடி விழும்போது ஒருவரை நீதிமான் என்பதும், நம்மை நோக்கிக் கேள்வி எழும்போது அவரையே ஐயுறுவதும் நம்மிடமுள்ள பழைய நோய்.

இந்நோய்க்குப் பெயர் சூட்டியவர்கள் நம் மரபிலேயே இருக்கிறார்கள். இப்னு கல்தூன் தம் முகத்திமாவின் தொடக்கத்தில், செய்திகளிற் பொய் புகுவதற்கான காரணங்களை அடுக்கும்போது முதலில் வைப்பது, கருத்துகள் மீதும் பிரிவுகள் மீதும் மனிதர்க்குள்ள பற்றைத்தான். பற்றுடைய உள்ளம் தனக்குச் சாதகமான செய்தியை ஆராயாமலே ஏற்றுக்கொள்ளும் என்பது அவர் கூறியதன் கருத்து. அந்நிஸா அத்தியாயத்தின் 135 ஆம் வசனமோ, நீதிக்குச் சாட்சி கூறுகையில் அது நமக்கும் பெற்றோருக்கும் நெருங்கிய உறவினருக்கும் எதிராக அமைந்தாலும் கூற வேண்டும் என்று பணிக்கிறது. குத்பாக்களில் நாம் கேட்டுப் பழகிய வசனம்தான். இதழியலின் அளவுகோலாக அதைக் கொண்டு யாரையேனும் அளந்து பார்த்திருக்கிறோமா?

அதே மரபின் இன்னோர் அளவுகோலில் ஜெயராஜ் சறுக்குகிறார் என்பதையும் சொல்லியாக வேண்டும். ஹதீஸ் கலையில் செய்தியோடு அறிவிப்பாளர் தொடரும் வர வேண்டும். தொடரில் ஒருவர் அறியப்படாதவராயின் செய்தியின் தகுதி இறங்கும். ஜெயராஜின் அரசியற் கட்டுரைகளில் அறியப்படாதவர்கள் மிகுதி. மூடிய அறைக்குள் இரு தலைவர்கள் பேசியதை உடனிருந்து கேட்டவர்போல எழுதுவார். வடக்கிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றும் முடிவுக்குப் பின்னால் கரிகாலன் தலைமையிலான கிழக்குப் புலிகளின் அழுத்தம் இருந்தது என்று அவர் கூறுவது நம்பத்தக்கதே. ஆயினும் இவ்வகை உள்விவரங்களுக்கு மூலம் யார் என்பது வாசகருக்குப் பெரும்பாலும் தெரிவதில்லை. தகவல் தந்தவரின் உயிரைக் காக்கப் பெயரை மறைப்பது போர்க்காலத்தில் கடமை என்பதை ஒப்புக்கொள்கிறேன். போர் 2009 இல் முடிந்தது. அதன் பின்னும் எழுதும் முறை மாறவில்லை.

வேறு குறைகளும் உண்டு. கட்டுரைகள் மிக நீண்டவை. ஆண்டு நிறைவுகளின்போது பழையவை புதுப்பிக்கப்பட்டு மறுபடி வரும். தலைவர்களின் பேரங்களில் அவருக்குள்ள ஈடுபாட்டால், வெளியேற்றப்பட்ட குடும்பம் புத்தளத்தில் எவ்வாறு பிழைத்தது, அடைக்கலம் தந்த ஊராருக்கும் வந்தவர்களுக்கும் இடையே நாளடைவில் என்ன நேர்ந்தது போன்ற வினாக்கள் பின்தங்கிப்போகும். நாட்டை விட்டுத் தொலைவில் வாழ்ந்ததும் இதற்கொரு காரணமாகலாம். இவற்றினும் எனக்குப் பெரிதாகத் தோன்றும் இழப்பு மொழி சார்ந்தது. தமிழில் தொடங்கியவர் அவர். தமிழ் ஏடு நின்றபின் அவருடைய முதன்மையான எழுத்தெல்லாம் ஆங்கிலத்துக்குச் சென்றது. எந்தச் சமூகத்தை நோக்கிப் பேசினாரோ அதன் பெரும்பகுதி அவரை மொழிபெயர்ப்பிலும் மேற்கோளிலுமே அறிந்தது. ஆங்கிலத்தில் தமிழர் குற்றத்தை எழுதினால் அது அந்நியரிடம் சொன்ன கோள் போலாகிவிடும். தமிழில் எழுதினால் வீட்டுக்குள் நடக்கும் வாக்குவாதமாக இருக்கும். டொராண்டோவின் கடைகளை மிரட்டியவர்கள் இவ்வேறுபாட்டை நன்கு அறிந்திருந்தார்கள் போலும்.

இஸ்ரேலிய இதழாளர் அமீரா ஹஸ்ஸை நாம் போற்றுகிறோம். 1993 முதல் காஸாவிலும் 1997 முதல் ரமல்லாவிலும் வாழ்ந்து, தம் நாட்டின் ஆக்கிரமிப்பைத் தம் நாட்டவர் வாசிக்கும் 'ஹாரெட்ஸ்' ஏட்டில் எழுதியவர் அவர்; யூதப் படுகொலையில் உயிர்தப்பியவர்களின் மகள். போற்றுவதில் தவறில்லை. அவரைப் போன்றவர் நம்மில் ஒருவர் தோன்றினால் நாம் அவரை என்ன செய்வோம் என்று கேட்டுக்கொள்வதும் கூடவே நடக்க வேண்டும்.

1990 ஆகஸ்டு பற்றி நாம் பேசும்போது காத்தான்குடியைச் சொல்கிறோம், ஏறாவூரைச் சொல்கிறோம். அதே மாதத்தில் அம்பாறை மாவட்டம் வீரமுனையில் தமிழர்கள் கொல்லப்பட்டதையும், அதில் முஸ்லிம் ஊர்க்காவல் படையினருக்குப் பங்கு இருந்ததாகப் பதிவாகியிருப்பதையும் நம் ஏடுகளில் எத்தனை பேர் எழுதினோம்? ஒன்று மற்றொன்றுக்கு நியாயமாகாது. எண்ணிக்கையிலும் தன்மையிலும் அவற்றைச் சமப்படுத்தவும் வேண்டியதில்லை. ஆனால் வீரமுனையை விட்டுவிட்டுக் காத்தான்குடியை மட்டும் சொல்கிறவர், காத்தான்குடியை விட்டுவிட்டு வெலிக்கடையை மட்டும் சொன்ன தமிழ்த் தேசியரிடம் கோபப்பட முடியாது.

வீரமுனை தொலைவில் இருக்கிறது. வி. களத்தூர் எங்கள் மாவட்டத்தில், வேப்பந்தட்டை வட்டத்தில் இருக்கிறது. முஸ்லிம்கள் பெரும்பான்மையாக வாழும் ஊர். அங்குள்ள கோயில்களின் திருவிழா ஊர்வலங்கள் 2011 வரை ஊரின் தெருக்கள் வழியே சென்றுவந்தன என்பதும், 2012 முதல் முஸ்லிம்கள் தரப்பில் ஆட்சேபம் எழுந்தது என்பதும், வழக்கு உயர் நீதிமன்றம் சென்றது என்பதும் தீர்ப்பில் பதிவானவை. நீதிபதிகள் என். கிருபாகரன், பி. வேல்முருகன் ஆகியோரின் அமர்வு, சாலை அனைவருக்கும் பொது என்றும், ஒரு பகுதியில் ஒரு மதத்தவர் மிகுதியாக வாழ்வது மற்றவரின் ஊர்வலத்தைத் தடுக்கக் காரணமாகாது என்றும் கூறிற்று. இவ்வாறு தடுக்கத் தொடங்கினால் நாட்டின் பெரும்பாலான இடங்களில் சிறுபான்மையினரே தம் விழாக்களை நடத்த இயலாமற் போகும் என்றும் சுட்டிக்காட்டிற்று.

அன்று என்ன எழுதப்பட்டது? ஒரு தரப்பு அத்தீர்ப்பை நாடெங்கும் கொண்டுசென்று, முஸ்லிம் பெரும்பான்மை என்றால் இதுதான் என்று முழங்கிற்று. நம் தரப்பில் நான் வாசித்தவை, தீர்ப்பின் சொல்நடையையும் அது வெளிவந்த அரசியல் வேளையையும் குறைகூறின. நான் எழுதியதும் அதுவே. வேண்டிக் கேட்ட ஒரு சிற்றேட்டுக்கு மூன்று பக்கம் எழுதிக் கொடுத்தேன். பெரம்பலூரில் இருந்துகொண்டு, வி. களத்தூருக்கு ஒரு நாளும் போகாமல். 2011 வரை சென்ற ஊர்வலம் 2012 இல் ஏன் ஆட்சேபத்துக்கு உரியதாயிற்று என்ற ஒற்றைக் கேள்வி அந்த மூன்று பக்கங்களில் இல்லை. இப்போது அதை எடுத்துப் படிக்க வெட்கமாக இருக்கிறது.

அக்கேள்விக்கு எளிய விடை இராது. முத்துப்பேட்டையிலும் திருவல்லிக்கேணியிலும் விநாயகர் ஊர்வலங்கள் பள்ளிவாசல் வழியே செல்வதை ஒட்டி 1990-களிலிருந்து நடந்தவற்றைக் கண்ட சமூகம் நாம். ஊர்வலம் என்ற சொல்லே அச்சத்தை எழுப்பும் அளவுக்கு அது பயன்படுத்தப்பட்டது உண்மை. ஆனால் வெளியிலிருந்து ஆள்திரட்டி வரும் அமைப்பின் ஊர்வலம் வேறு. மூன்று நாள் திருவிழாவில் தன் தெய்வத்தைத் தன் ஊரின் தெருவில் எடுத்துச் செல்லும் அண்டை வீட்டாரின் வழக்கம் வேறு. இரண்டையும் ஒன்றாக்கியது அச்சமா, புதிதாக வந்த மார்க்கக் கண்டிப்பா, உள்ளூர்ப் பகையா, வேறு நிலத்தகராறா? ஊரில் தங்கிக் கேட்டால் அன்றித் தெரியாது. நீதிமன்றம் உரிமையை அறுதியிடலாம்; இதைக் கண்டறிவது இதழாளர் வேலை.

இன்னொன்றும் அம்மூன்று பக்கங்களில் இருந்திருக்க வேண்டும். பொதுச் சாலையில் சமய ஊர்வலம் செல்லும் உரிமைக்கு இந்தியச் சட்டத்தில் அடிப்படையாகக் காட்டப்படும் 1924 ஆம் ஆண்டு பிரிவி கவுன்சில் தீர்ப்பு, மன்ஸூர் ஹஸன் வழக்கில் வந்தது. வழக்கிட்டவர்கள் ஷீஆக்கள், முஹர்ரம் ஊர்வலத்தைத் தம் பள்ளிவாசல் அருகே ஆட்சேபித்தவர்கள் சுன்னீகள். சாலையின் பொது உரிமையை முஸ்லிம்களே முஸ்லிம்களுக்கு எதிராக வழக்காடிப் பெற்றிருக்கிறார்கள். கந்தூரி ஊர்வலங்களும் சந்தனக்கூடுகளும் தமிழகத்தில் எத்தனை அக்ரஹாரங்களையும் கோயில் வீதிகளையும் கடந்து செல்கின்றன என்பதற்குப் பட்டியல் வேண்டியதில்லை.

அத்தெருவின் இன்றைய நிலையை நான் இங்கு பேசவில்லை. அவ்வூரார் தமக்குள் பேசிக்கொள்வது அவர்கள் உரிமை. அதற்குள் வெளியார் தலையிடுவது பல நேரங்களில் தீமையே. 2021 இல் நாம் எழுதியதையும் எழுதாததையும் மட்டுமே பேசுகிறேன். பொன்பரப்பியில் பானைச் சின்னம் உடைக்கப்பட்டதைத் தொடர்ந்து எரிந்த பகையைப் பற்றி அவ்வட்டாரத்தின் ஆதிக்கச் சாதியில் பிறந்த ஒருவர், தம் உறவினர் முகங்களைக் காட்டும் படங்களைப் பார்த்துக்கொண்டு, ஒரு கட்டுரை எழுதியிருந்தால் அது எப்படி இருந்திருக்கும் என்று எண்ணிப் பார்ப்பதுண்டு. வி. களத்தூரைப் பற்றி லெப்பைக்குடிக்காட்டிலிருந்தோ பெரம்பலூரிலிருந்தோ ஒரு முஸ்லிம் எழுதியிருக்க வேண்டிய கட்டுரையும் அத்தகையதே.

அதை எழுத வருகிறவருக்கு ஜெயராஜிடமிருந்து கொள்ள வேண்டியதும் உண்டு, தள்ள வேண்டியதும் உண்டு. தீர்ப்பை முழுவதும் படிக்க வேண்டும். மாவட்ட நிர்வாகத்தின் பழைய ஆணைகளையும் தேடிப் பிடிக்க வேண்டும். 2011 இல் தெருவில் ஊர்வலம் வந்தபோது திண்ணையில் உட்கார்ந்து பார்த்த பெரியவர்கள் இரு தரப்பிலும் இன்னும் இருப்பார்கள். அவர்களிடம் பெயர் கேட்டு, பெயர் போட அனுமதி கேட்டு எழுத வேண்டும். முத்தவல்லியிடம் கேட்பதோடு, ஜமாஅத் கூட்டத்தில் மறுத்துப் பேசியவர் யாரேனும் இருந்தால் அவரையும் தேட வேண்டும். பெண்களிடம் கேட்க வேண்டும். இம்மோதலைப் பற்றிய எந்தச் செய்தியிலும் நான் ஒரு பெண்ணின் குரலைக் கண்டதில்லை. எழுதியதை, ஆங்கிலத்துக்கு அனுப்புமுன், தமிழில், அந்த ஊர் வாசிக்கும் இடத்தில் வெளியிட வேண்டும். விளம்பரம் ஒன்றிரண்டு குறையக்கூடும் என்பதை இதழாசிரியரிடம் முன்கூட்டியே சொல்லிவைப்பதும் நல்லது.